கையை எடுத்ததும் அணையும் அடுப்பு

கேஸ் அடுப்பு நின்று எரியவில்லை என்று யாராவது சொன்னால் நான் முதலில் கேட்பது, எப்போது அணைகிறது என்றுதான். குமிழை அழுத்திப் பிடித்திருக்கும்வரை எரிந்துவிட்டு, கையை எடுத்ததும் அணைகிறதா? நன்றாகப் பற்றிக்கொண்டு, சிம்மில் வைத்த பிறகு அணைகிறதா? இல்லை, எல்லா பர்னர்களும் ஒன்றுபோல் சோர்ந்து அடங்குகின்றனவா? மூன்றும் வெவ்வேறு கோளாறுகள். மூன்றுக்கும் கை வைக்க வேண்டிய இடமும் வேறு. இதைக் கேட்டுக்கொள்ளாமல் திருப்புளியை எடுப்பவரிடம் அடுப்பைக் கொடுக்க வேண்டாம்.

கோவையில் அம்மா இருக்கும் ஃபிளாட்டில் சமையல் மேடையில் பதித்த கண்ணாடி ஹாப். அதற்கு முன் நாற்பது வருடமாக அம்மா சமைத்தது சாதாரண ஸ்டீல் அடுப்பில். குமிழைத் திருப்பி, லைட்டரைத் தட்டினால் எரியும். இந்தப் புதிய அடுப்பில் குமிழை அழுத்திக்கொண்டே திருப்ப வேண்டும். தீ பற்றிய பிறகும் சில நொடிகள் அழுத்திப் பிடித்திருக்க வேண்டும். அது அம்மாவுக்குப் பழகிவிட்டது. பிறகு ஒரு நாள், காலையில் காபிக்குப் பால் வைக்கும் சின்ன பர்னர், கையை எடுத்ததும் அணையத் தொடங்கியது. கொஞ்சம் கூடுதல் நேரம் அழுத்திப் பார்த்தார், நின்று எரிந்தது. அடுத்தடுத்த வாரங்களில் அழுத்த வேண்டிய நேரம் கூடிக்கொண்டே போனது. கடைசியில் கட்டைவிரல் வலிக்கிற அளவு பிடித்தாலும் நிற்கவில்லை.

பேட்டரி போய்விட்டது என்று பக்கத்து வீட்டில் சொல்ல, அம்மா பேட்டரி மாற்றினார். மாற்றமில்லை. பிறகு அடுப்பு ரிப்பேர் செய்பவர் ஒருவர் வந்தார். குனிந்து ஒரு பார்வை பார்த்துவிட்டு, "ஏனுங்கம்மா, இந்தச் சென்சாரெல்லாம் ரெண்டு வருசத்துல போயிருமுங்க. அதைக் கழட்டிப் போட்டுட்டு சாதா வால்வு மாட்டிக் குடுத்தர்றனுங்க. அப்புறம் தொந்தரவே இருக்காதுங்க" என்றிருக்கிறார். அம்மா அவரை உட்கார வைத்துவிட்டு எனக்குப் போன் செய்தார். "கண்ணு, வால்வையே மாத்திரலாங்கறாரு. மாத்தச் சொல்லிரட்டுமா?"

"வேண்டாம்மா. அடுப்பத் தொட வேண்டாம்னு சொல்லுங்க. நான் வந்து பாத்துக்கறேன்."

அவசரமாகச் சொன்னதற்குக் காரணம் உண்டு. அவர் கழற்றிப் போடுகிறேன் என்று சொன்னது அந்த அடுப்பிலேயே மிக முக்கியமான பாகம்.

ஹாப்பின் பர்னர் ஓரத்தில் இரண்டு சின்னக் குச்சிகள் நீட்டிக்கொண்டிருக்கும். ஒன்றில் வெள்ளைப் பீங்கான் சுற்றியிருக்கும். தீப்பொறி தருவது அது. அதற்குத்தான் பேட்டரி. இன்னொன்று முழுக்க உலோகம். அதன் நுனி எப்போதும் தீயில் நனைந்தபடி இருக்கும். இதுதான் தெர்மோகப்பிள். ரிப்பேர்காரர்கள் சென்சார் என்று சொல்வது இதைத்தான். இதற்குப் பேட்டரியும் வேண்டாம், கரண்டும் வேண்டாம். தனக்கு வேண்டிய மின்சாரத்தைத் தீயிலிருந்து அதுவே உண்டாக்கிக்கொள்ளும்.

இரண்டு வெவ்வேறு உலோகங்களை நுனியில் இணைத்து, அந்த இணைப்பைச் சூடாக்கி, மறுமுனைகளைக் குளிர்ச்சியாக வைத்தால் அவற்றுக்கிடையே ஒரு மின்னழுத்தம் பிறக்கிறது. 1821-இல் பெர்லினில் தாமஸ் யோஹான் சீபெக் இதைக் கண்டார். செம்பையும் பிஸ்மத்தையும் வளையமாக இணைத்து ஒரு பக்கத்தைச் சூடாக்கியபோது அருகில் இருந்த திசைகாட்டி முள் திரும்பியது. அவர் அதைக் காந்த விளைவு என்றே நினைத்தார்; மின்சாரம்தான் முள்ளைத் திருப்பியது என்பது பிறகு தெளிவானது. இருநூறு வருடத்துக்கு முந்தைய அந்தச் சோதனைதான் இன்று நம் சமையல் மேடையில் வேலை செய்துகொண்டிருக்கிறது என்பதை நினைக்கும்போது எனக்கு இப்போதும் சந்தோஷமாக இருக்கிறது.

பிறக்கும் மின்னழுத்தம் மிகச் சிறியது. அடுப்புத் தெர்மோகப்பிள் தருவது ஏறத்தாழ 10 முதல் 30 மில்லிவோல்ட். சுவர்க் கடிகாரத்தில் போடும் பேட்டரி 1,500 மில்லிவோல்ட். குமிழுக்குப் பின்னால் வால்வுக்குள் ஒரு சின்ன மின்காந்தம் இருக்கிறது. இவ்வளவு குறைந்த மின்சாரத்தில் அந்தக் காந்தத்தால் வால்வை இழுத்துத் திறக்க முடியாது. ஏற்கெனவே திறந்திருக்கும் வால்வைப் பிடித்து வைத்துக்கொள்ள மட்டும்தான் முடியும். திறக்கும் வேலையை நம் விரல் செய்கிறது. நுனி சூடானதும் பிடித்துக்கொள்ளும் வேலையைக் காந்தம் ஏற்றுக்கொள்கிறது. குமிழை அந்தச் சில நொடிகள் அழுத்திப் பிடிக்கச் சொல்வது இதற்காகத்தான்.

தீ அணைந்தால் நுனி ஆறும். மின்சாரம் நிற்கும். காந்தம் விடும். ஸ்பிரிங் வால்வை மூடிவிடும். இது பொதுவாக ஒன்றரை நிமிடத்துக்குள் நடந்து முடிந்துவிடும். வீட்டில் யாரும் இல்லாவிட்டாலும் நடக்கும். கரண்ட் போனாலும் நடக்கும்.

இதை ஒரு எளிய வழியில் கேட்டே உணரலாம். பர்னரைச் சில நிமிடம் எரியவிட்டு, குமிழைத் திருப்பி அணைத்துவிட்டு, சத்தமில்லாமல் நில்லுங்கள். பல ஹாப்களில் சில நொடிகள் கழித்து உள்ளே 'டிக்' என்று ஒரு சின்ன ஒலி வரும். காந்தம் கைவிடும் ஒலி அது. நன்றாக இருக்கும் பர்னரிலும் தகராறு செய்யும் பர்னரிலும் மாறி மாறிக் கேட்டுப் பாருங்கள். தகராறு செய்வதில் அந்த ஒலி மிகச் சீக்கிரம் வந்தால், காந்தத்துக்கு வரும் மின்சாரம் ஏற்கெனவே குறைவாக இருக்கிறது என்று அர்த்தம்.

சரி, கையை எடுத்ததும் அணைந்தால் என்ன பார்ப்பது? முதலில் பர்னர் மூடி. கழுவித் துடைத்து வைக்கும்போது மூடி சற்றுக் கோணலாக உட்கார்ந்தாலே போதும், அந்தப் பக்கத்துத் தீ குச்சியின் நுனியைத் தொடாமல் விலகிப்போகும். மூடியின் அடியில் சின்னப் பள்ளமோ முளையோ இருக்கும். அது கீழே அதற்கான இடத்தில் பொருந்த வேண்டும். ஈரம் காயாமல் வைத்தாலும் தீ ஒரு பக்கம் வராது. புதிதாக ஹாப் வைத்தவர்கள் சொல்லும் புகார்களில் நான் பார்த்த வரை அதிகம் இதுதான். ஒரு ரூபாய் செலவில்லாமல் சரியாகிவிடும்.

அடுத்தது நுனியில் படியும் அழுக்கு. பால் பொங்கி வழியும், சோற்றுக் கஞ்சி வழியும், தாளிக்கும்போது எண்ணெய் தெறிக்கும். எல்லாம் அந்த நுனியில் காய்ந்து கருகி ஓடுபோலப் படியும். அந்த ஓட்டைத் தாண்டி வெப்பம் உள்ளே போக நேரமாகும். அழுத்திப் பிடிக்க வேண்டிய நேரம் வாரா வாரம் கூடிக்கொண்டே போவது பெரும்பாலும் இதனால்தான். அடுப்பு முழுவதும் ஆறிய பிறகு, மிக நயமான உப்புத்தாளை விரல் நுனியில் வைத்து மெதுவாகத் தேய்த்து, ஈரத்துணியால் துடைத்து, காயவிட வேண்டும். சுரண்டக் கூடாது. குச்சியை வளைக்கவே கூடாது. வளைத்தால் நுனி தீயை விட்டு விலகும், அல்லது உள்ளே இணைப்பு முறியும்.

அம்மாவின் அடுப்பில் நுனி கரியாகத்தான் இருந்தது. தேய்த்துச் சுத்தம் செய்ததும் அன்று மாலை நின்று எரிந்தது. மறுநாள் காலை மறுபடி அணைந்தது. கேஸை ரெகுலேட்டரிலேயே மூடிவிட்டு, ஹாப்பைத் தூக்கி அடியில் பார்த்தேன். தெர்மோகப்பிளிலிருந்து வரும் கம்பி வால்வில் ஒரு சின்ன நட்டால் இறுகியிருக்கும். சில மாடல்களில் செருகும் முனையாக இருக்கும். இவ்வளவு சிறிய மின்னழுத்தத்துக்கு அந்த இணைப்பில் லேசாகத் துரு இருந்தாலோ தளர்ந்திருந்தாலோ போதும், காந்தம் பிடிக்காது. அது சரியாகவே இருந்தது. பிறகு மல்டிமீட்டரை மில்லிவோல்ட்டில் வைத்து, நன்றாக இருக்கும் ஒரு பர்னரையும் சின்ன பர்னரையும் அளந்தேன். நல்ல பர்னரில் குச்சி தீயில் நனைந்த சிறிது நேரத்தில் அளவு 20-ஐத் தாண்டியது. சின்ன பர்னரில் எவ்வளவு நேரம் பிடித்தும் அதில் பாதிகூட வரவில்லை.

மல்டிமீட்டர் இல்லாவிட்டாலும் இதைக் கண்டுபிடிக்கலாம். கம்பியின் நீளம் இடம் கொடுத்தால், இரண்டு பர்னர்களின் தெர்மோகப்பிள் கம்பிகளை வால்வில் இடம் மாற்றி மாட்ட வேண்டும். கோளாறு கம்பியோடு சேர்ந்து மறுபக்கம் போனால் தெர்மோகப்பிள் போய்விட்டது. இருந்த இடத்திலேயே இருந்தால் வால்வுக்குள் இருக்கும் காந்தம் போய்விட்டது. இந்தக் கம்பி இணைப்பில் கேஸ் ஓடுவதில்லை. ஆனால் வால்வையே கழற்றும் வேலை கேஸ் ஓடும் பாதையைத் திறக்கும் வேலை. அதைப் பயிற்சி உள்ளவரிடம் விட்டுவிடுவதுதான் சரி.

அதே மாடலுக்கான புதுத் தெர்மோகப்பிள் சில நூறு ரூபாய்தான் ஆனது. வால்வு மாற்றுவதற்கு அந்த ரிப்பேர்காரர் கேட்ட தொகை அதைப் போலப் பல மடங்கு. பணம் போகட்டும். என்னை வருத்தியது, ஒரு முதியவர் தனியாகச் சமைக்கும் வீட்டில் காவலைப் பிடுங்கிவிட்டு 'தொந்தரவு தீர்ந்தது' என்று சொல்ல ஒருவருக்கு இவ்வளவு எளிதாக இருந்ததுதான். அவர் மீது மட்டும் கோபப்பட்டுப் பயனில்லை. உதிரிபாகம் எளிதில் கிடைப்பதில்லை, சாதாரண வால்வு எங்கும் கிடைக்கிறது. வீட்டுக்காரர்களும் 'எப்படியாவது எரிஞ்சாப் போதும்' என்கிறார்கள். சில வீடுகளில் குமிழுக்கு அடியில் மரத்துண்டு செருகியும், டேப் சுற்றியும் அழுத்திய நிலையிலேயே வைத்திருப்பதைப் பார்த்திருக்கிறேன். அதுவும் பிடுங்கிப் போட்டதற்குச் சமம்தான்.

அந்தக் காவல் எதற்கு என்பதை அதே சமையலறை எனக்குக் காட்டியது.

கோவைக்காரர்களுக்கு ஆனி, ஆடிக் காற்று தெரியும். பாலக்காட்டுக் கணவாய் வழியாகத் தென்மேற்குப் பருவக்காற்று நேராக உள்ளே வரும். பல்லடம், கேத்தனூர், உடுமலைப் பக்கம் காற்றாலைகள் வரிசை வரிசையாக நிற்பது அதனால்தான். அம்மாவின் சமையலறை ஜன்னல் மேற்கே பார்த்தது. சின்ன பர்னர் சரியான பிறகு, பெரிய பர்னரும் சில மதியங்களில் அணைகிறது என்றார். பற்றவைக்கும்போது ஒழுங்காக நிற்கிறது. பருப்பைச் சிம்மில் வைத்துவிட்டு ஹாலுக்குப் போய் உட்கார்ந்து திரும்பி வந்தால் அணைந்திருக்கிறது. கேஸ் வாசனையும் இல்லை.

இது முன்னது போன்ற கோளாறு அல்ல. தெர்மோகப்பிள் பலவீனமாக இருந்தாலும் சிம்மில் அணையும், உண்மைதான். சின்னத் தீ நுனியைப் போதுமான அளவு சூடாக்காது. சிம்மில் வைத்து ஒன்றிரண்டு நிமிடத்தில் காந்தம் விட்டுவிடும். ஆனால் அது ஜன்னல் மூடியிருந்தாலும் நடக்கும், தினமும் நடக்கும். அம்மாவுக்கு நடந்தது காற்றடிக்கும் மதியங்களில் மட்டும். ஜன்னலை மூடிவிட்டுச் சிம்மில் வைத்துப் பார்த்தோம், எவ்வளவு நேரமானாலும் அணையவில்லை. கீழ்க் கதவைத் திறந்ததும் தீ படபடத்து, சாய்ந்து, போய்விட்டது. கொஞ்ச நேரத்தில் 'டிக்' என்று கேட்டது.

அந்த ஒலி இல்லாத அடுப்பாக இருந்திருந்தால் என்ன ஆகியிருக்கும் என்பதை அம்மாவிடம் சொல்ல வேண்டியிருக்கவில்லை. அவரே குமிழைப் பார்த்துக்கொண்டு நின்றார். எல்.பி.ஜி. காற்றைவிட ஏறக்குறைய ஒன்றரை முதல் இரண்டு மடங்கு கனமானது. மேலே எழுந்து ஜன்னல் வழியாகப் போய்விடாது. தரையோடு தேங்கும், அறைக்கு அறை தவழும். அதற்குச் சொந்தமாக வாசனை கிடையாது. நாம் கேஸ் வாசனை என்பது எச்சரிக்கைக்காகக் கலக்கும் எத்தில் மெர்காப்டனின் வாசனை. வயது ஏற ஏற மூக்கின் கூர்மை குறையும். அம்மாவுக்கு ரசத்தின் பெருங்காய வாசனையே முன்போலத் தெரிவதில்லை. மதியம் சிம்மில் வைத்த பர்னர் காற்றில் அணைந்து, கேஸ் அரை மணி நேரம் வந்துகொண்டே இருந்து, பிறகு யாராவது வந்து லைட் சுவிட்சைப் போட்டிருந்தால்? ரிப்பேர்காரர் சொன்ன சாதா வால்வு மூன்று பர்னருக்கும் வந்திருந்தால் நாங்கள் அந்த நிலையில்தான் இருந்திருப்போம்.

காற்றுக்கு என்ன செய்தோம்? ஜன்னலின் கீழ்க் கதவுகளைச் சமைக்கும் நேரத்தில் மூடிவிட்டு, மேல் கதவைத் திறந்து வைக்கச் சொன்னேன். சமையலறையை முழுக்க அடைக்கக் கூடாது. எரியும் தீக்குக் காற்று வேண்டும், தரையருகே இருக்கும் காற்றோட்டத் துளையையும் அடைத்துவிடக் கூடாது. சிம் அளவு சற்றுக் கூடுதலாக இருந்தால் காற்றைத் தாங்கும். அதற்கு வால்வில் ஒரு சின்ன பித்தளைத் திருகு இருக்கிறது. அதை நிறுவனத்திலிருந்து வந்த சர்வீஸ் ஆள் லேசாகத் திருப்பிவிட்டு, முழுத் தீயிலிருந்து சட்டென்று சிம்முக்குக் கொண்டுவந்து, அலமாரிக் கதவை ஓங்கிச் சாத்திப் பார்த்தார். தீ அணையாமல் நின்றது.

மூன்றாவது வகைக்கு வருகிறேன். எல்லா பர்னர்களும் ஒன்றாகச் சோர்ந்தால் அடுப்பைக் குறை சொல்ல வேண்டாம், பின்னால் போக வேண்டும். நம் வீட்டு ரெகுலேட்டர் அடுப்புக்கு அனுப்பும் அழுத்தம் ஒரு சதுர சென்டிமீட்டருக்கு 30 கிராம். சுற்றியிருக்கும் காற்றின் அழுத்தத்தில் நூற்றுக்கு மூன்று பங்குகூட இல்லை. அவ்வளவு மென்மையாக வரும் கேஸுக்கு டியூப் ஓரிடத்தில் மடங்கினாலே பாதை போய்விடும். ரெகுலேட்டர் பழுதானாலும் இதேதான். சிலிண்டர் தீரும் தறுவாயில் என்றால் சொல்லவே வேண்டாம். ஊட்டி, கொடைக்கானலில் மார்கழிக் காலையில் தீ எழும்பாதது வேறு காரணம்: சிலிண்டருக்குள் இருப்பது புரொப்பேனும் பியூட்டேனும் கலந்த திரவம். புரொப்பேன் மைனஸ் 42 டிகிரியிலேயே ஆவியாகும். பியூட்டேன் பூஜ்யம் டிகிரி அருகில் ஆவியாகவே தயங்கும்.

தீரும் சிலிண்டரைச் சாய்த்து வைத்தும் படுக்க வைத்தும் கடைசிக் கேஸை எடுக்கும் பழக்கம் நம் வீடுகளில் இருக்கிறது. தயவுசெய்து விட்டுவிடுங்கள். அப்படிச் செய்யும்போது ரெகுலேட்டருக்குள் ஆவிக்குப் பதில் திரவம் வரும். திரவம் ஆவியாகும்போது ஏறக்குறைய 250 மடங்கு விரியும். அதைத் தாங்க அந்த ரெகுலேட்டரும் அடுப்பும் செய்யப்படவில்லை.

பர்னருக்குள் கேஸைப் பீய்ச்சும் சின்னப் பித்தளை முனைதான் ஜெட். அதில் ஊசியோ ஊக்கோ விட்டுக் குத்துவதும் அப்படித்தான். மண்ணெண்ணெய் பம்பு ஸ்டவ் காலத்தில் அதற்கென்றே பின் விற்றார்கள், அந்தக் கைப்பழக்கம் இன்னும் போகவில்லை. கேஸ் ஜெட்டின் துளை ஒரு மில்லிமீட்டரைவிடச் சிறியது, பித்தளை மென்மையானது. ஊசி ஒரு முறை துளையைப் பெரிதாக்கிவிட்டால் கேஸ் அதிகமாகவும் காற்று குறைவாகவும் போகும். தீ மஞ்சளாகும், பாத்திரம் கரிபிடிக்கும், கார்பன் மோனாக்சைடு வரும். நீண்ட நாள் பூட்டியிருந்த வீட்டில் பழைய அடுப்பு எரியவில்லை என்றால் துளையைவிட அதன் முன்னால் இருக்கும் குழாயைப் பாருங்கள். சிலந்தியும் குளவியும் கூடு கட்ட விரும்பும் இடம் அது. காற்று கலக்கும் வழி அடைபட்டு, பற்றவைத்ததும் 'டப்' என்று தீ உள்ளே போகும். அப்போது அணைத்து, நன்றாக ஆறவிட்டு, குழாய்க்கான பிரஷ்ஷால் துடைத்தால் போதும்.

எந்த ரிப்பேருக்குப் பிறகும் சோப்பு நுரையைத் தடவி இணைப்புகளைப் பாருங்கள்; குமிழி வந்தால் கசிவு. தீக்குச்சியால் ஒருபோதும் பார்க்க வேண்டாம். கேஸ் வாசனை அடித்தால் சுவிட்சைத் தொடாமல், ரெகுலேட்டரை மூடி, கதவு ஜன்னலைத் திறந்துவிட்டு, வெளியே வந்து 1906-க்கு அழைக்கலாம். அது நாடு முழுவதற்குமான எல்.பி.ஜி. அவசர எண்.

இப்போது அக்கா வீட்டுக்குப் புது அடுப்பு பார்க்கிறோம். கடைகளில் அடுக்கியிருக்கும் இரட்டை அடுப்புகளில் பெரும்பாலானவற்றில் இந்தக் காவல் இல்லை. கண்ணாடியின் கனம், பர்னரின் பித்தளை, வாரண்டி என்று எல்லாம் சொல்கிறார்கள். தீ அணைந்தால் கேஸ் தானாக நிற்குமா என்று கேட்டால் பலருக்குக் கேள்வியே புதிதாக இருக்கிறது. அதனால் நான் இப்போது ஒவ்வொரு பர்னரிலும் இரண்டாவது குச்சி இருக்கிறதா என்று எட்டிப் பார்க்கிறேன். இருந்தால், உதிரியாக அந்தத் தெர்மோகப்பிள் தனியே கிடைக்குமா, ஊரில் யார் மாற்றித் தருவார்கள் என்று கேட்டு எழுதி வாங்கிக்கொள்கிறேன். அக்கா மூன்று பர்னருக்கும் குச்சி இருக்கும் ஒன்றைத்தான் தேர்ந்தெடுத்திருக்கிறாள். அடுத்த வாரம் மாட்ட வருகிறார்கள்.